சதுப்பு நிலமும் சலனப்படமும்

கலைப்படைப்பொன்று எதைக் காட்டுகிறது என்று கேட்பதோடு நம்மிடையே விமர்சனம் பெரும்பாலும் நின்றுவிடுகிறது. அது எதைக் காட்டாது விட்டது, அவ்வாறு விட்டதாற் பயனடைந்தவர் யாவர் என்று கேட்கப் புகுந்தால், ‘கலைக்குள் அரசியலைக் கொண்டுவருகிறீர்கள்’ என்ற கண்டனம் உடனே எழுகிறது. படைப்புக்குள் முன்னரே குடிபுகுந்திருக்கும் அரசியலைச் சுட்டிக்காட்டுபவன்மீதே, அதைக் கொண்டுவந்த பழியும் சுமத்தப்படுகிறது. வகுப்பறையிலும் திரைப்படக் கழகங்களிலும் அடிக்கடி எழும் இவ்விவாதத்தைப் பொதுப்படப் பேசிக்கொண்டிருப்பதிலும் பார்க்க, ஓர் உதாரணத்தை எடுத்து ஆராய்வது பயன் தரும் என எண்ணுகிறோம்.

உதாரணம் தொலைவிலுள்ளது. ஐக்கிய அமெரிக்காவின் தெற்கே, மிசிசிப்பி நதி மெக்சிக்கோ வளைகுடாவிற் கலக்குமிடத்தில், லூசியானா மாநிலத்தின் கரையோரச் சதுப்பு நிலம் பரந்து கிடக்கிறது. இந்நிலத்தைக் களமாகக் கொண்டு 1948 ஆம் ஆண்டில் ஒரு படமும் 2012 ஆம் ஆண்டில் ஒரு படமும் வெளிவந்தன. முன்னது றொபேட் பிளாஹெட்டியின் ‘லூசியானா ஸ்டோரி’. பின்னது பென் ஸைட்லினின் ‘பீஸ்ட்ஸ் ஒவ் த சதர்ன் வைல்ட்’. இரண்டும் பரிசும் புகழும் பெற்றவை. இரண்டிலும் கதையின் நடுவே நிற்பது ஒரு குழந்தை. இவ்விரு படங்களுக்கும் இடைப்பட்ட காலத்தில் அந்நிலத்தின் பெரும் பங்கொன்று கடலுள் அமிழ்ந்துபோயிற்று. அது ஏன் அமிழ்ந்தது என்பதற்கு இப்படங்கள் தரும் விடை யாது? இதுவே நம் வினா.

முதலில் நிலத்தின் கதையைக் கூறிவிடுவோம். அதனை அறியாது படங்களை மதிப்பிடுதல் இயலாது. இந்தச் சதுப்பு நிலம் நதி படைத்த நிலம். ஏறத்தாழ ஏழாயிரம் ஆண்டுகளாக மிசிசிப்பி தன் போக்கை மாற்றி மாற்றி, கண்டத்தின் நடுப்பகுதியிலிருந்து அள்ளிவந்த வண்டலைக் கழிமுகத்திற் கொட்டி இதனை ஆக்கிற்று. வண்டல் தன் பாரத்தாலேயே நாளடைவில் இறுகித் தாழும் இயல்புடையது. தாழ்ந்த அளவுக்கு வெள்ளம் புது வண்டலைக் கொண்டுவந்து சேர்க்குமாயின் நிலம் நிலைத்து நிற்கும். புல்லும் நாணலும் அதிற் செழித்து, தம் வேர்களால் மண்ணைப் பிணித்து வைக்கும். வரவு நின்றால், செலவு மாத்திரம் தொடரும்.

வரவை நிறுத்தியது மனிதனே. 1927 ஆம் ஆண்டின் பெருவெள்ளத்தின் பின், 1928 ஆம் ஆண்டில் இயற்றப்பட்ட வெள்ளக் கட்டுப்பாட்டுச் சட்டத்தின் கீழ், அமெரிக்க இராணுவப் பொறியியற் படை நதியின் இரு கரைகளிலும் அணைகளை உயர்த்திப் பலப்படுத்திற்று. மேலே மிசூரி முதலிய உபநதிகளிற் கட்டப்பட்ட நீர்த்தேக்கங்கள் வண்டலின் ஒரு பகுதியைத் தடுத்து வைத்துக்கொண்டன. எஞ்சிய வண்டல் சதுப்பு நிலத்தின்மீது பரவாமல், அணைகளுக்கிடையே ஓடி ஆழ்கடலில் வீழ்ந்தது. நகரங்களும் தோட்டங்களும் வெள்ளத்தினின்றும் காக்கப்பட்டன. கழிமுகம் மெல்லப் பட்டினி கிடந்தது.

பட்டினி கிடந்த உடலின்மீது விழுந்த வெட்டுக்கள் எண்ணெய்க் கொம்பனிகளுடையவை. இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்திலேயே லூசியானாவில் எண்ணெய் கண்டுபிடிக்கப்பட்டது. சதுப்பு நிலத்திற் பாதை அமைத்துப் பொறிகளைக் கொண்டுசெல்லல் அரிது. நீரில் மிதக்கும் துளையிடு மேடையோ 1933 அளவில் வழக்கிற்கு வந்தது. மேடை மிதந்து செல்ல வாய்க்கால் வேண்டும். ஆகவே ஒவ்வொரு கிணற்றுக்கும் ஒரு வாய்க்கால் வெட்டப்பட்டது. எண்ணெய்க் குழாய்களுக்கென வேறு வாய்க்கால்கள் வெட்டப்பட்டன. காலப்போக்கில் இவற்றின் மொத்த நீளம் ஏறத்தாழ 10,000 மைல் எனப் பொதுவாக மதிப்பிடப்படுகிறது. அகழ்ந்த மண் வாய்க்காலின் ஓரங்களிலே குவிக்கப்பட்டதால், நிலத்தின்மீது பரவலாக ஓடிய நீரின் இயல்பான போக்குத் தடைப்பட்டது. நேராக வெட்டப்பட்ட வாய்க்கால் வழியே கடலின் உவர்நீர் உள்ளே ஏறிற்று. நன்னீர்ப் புற்கள் கருகின, வேர் அழுகிற்று, பிணைப்பிழந்த மண் அலையிற் கரைந்தது. வேலை முடிந்த பின் வாய்க்காலை யாரும் தூர்க்கவில்லை. ஆதலின் அது ஆண்டுதோறும் தானே அகன்றுகொண்டிருந்தது.

எண்ணெய் ஒன்றே காரணம் என்று கூறுதல் உண்மையை மிகைப்படுத்துவதாகும். அணைகள், கப்பற் போக்குவரத்துக்கென வெட்டப்பட்ட கால்வாய்கள், இயற்கையான தாழ்வு, புயல்கள், உயரும் கடல்மட்டம் ஆகிய அனைத்துக்கும் இதிற் பங்குண்டு. ஒவ்வொன்றின் பங்கு எவ்வளவு என்பதில் ஆய்வாளர்கள் வேறுபடுகின்றனர். வாய்க்கால்களின் பங்கு பெரிது என்பதில் அவர்களிடையே ஐயமில்லை. விளைவு எதுவென்பதும் அளந்தறியப்பட்டுள்ளது. அமெரிக்கப் புவியியல் அளவைத் திணைக்களத்தின் கணக்கின்படி, 1932 முதல் 2016 வரை லூசியானாக் கரையோரம் இழந்த நிலம் ஏறத்தாழ 4,833 சதுர கிலோமீற்றர். 1932 இல் இருந்த கரையோர நிலத்தில் இது காற்பங்கு. நம் வாசகர் மனத்திற் பதியும் வண்ணம் கூறுவதாயின், யாழ்ப்பாண மாவட்டத்தின் பரப்பைப்போல் நான்கு மடங்குக்கும் அதிகம்.

இனிப் படங்களுக்கு வருவோம்.

‘லூசியானா ஸ்டோரி’ அழகிய படம் என்பதை மறுப்பதற்கில்லை. பாசி படர்ந்த நீரோடை, சைப்பிரஸ் மரங்களினின்றும் தாடிபோலத் தொங்கும் பாசிக்கொத்துக்கள், சிறு ஓடத்தில் ஓசையின்றி வழுக்கிச் செல்லும் சிறுவன், தாமரையிலையின்மீது நீர்த்துளி. ரிச்சர்ட் லீக்கொக்கின் ஒளிப்பதிவும், ஹெலன் வான் டொங்கனின் படத்தொகுப்பும், வேர்ஜில் தொம்ஸனின் இசையும் ஒன்றோடொன்று இயைந்து நிற்கின்றன. அவ்விசைக்கு 1949 ஆம் ஆண்டின் புலிட்சர் பரிசு கிடைத்தது. நடித்தோர் தொழில்முறை நடிகரல்லர். அவ்வட்டாரத்தில் வாழ்ந்த பிரெஞ்சு மொழி பேசும் கேஜன் மக்களே.

கதை எளிது. சதுப்பு நிலத்தில் வேட்டையாடியும் மீன்பிடித்தும் வாழும் குடும்பமொன்றின் தந்தை, எண்ணெய் தேடி வந்தவர்களின் பத்திரத்திற் கையொப்பமிடுகிறான். சில நாட்களின் பின், துளையிடு கோபுரம் நீரின்மீது மிதந்து வருகிறது. அதனைப் பிளாஹெட்டி காட்டும் முறை ஒரு தேரோட்டத்தைக் காட்டும் முறையாகும். சிறுவன் தொழிலாளர்களுடன் நட்பாகிறான். கிணறு சீறி வெடிக்கிறது. சிறுவன் இரகசியமாகச் சென்று தன்னிடமிருந்த உப்பைக் கிணற்றிற் கொட்டித் துப்பிவிட்டு வருகிறான். தீயசக்தி அடங்கியதுபோலக் கிணறும் வசப்படுகிறது. குடும்பத்துக்குப் பணம் கிடைக்கிறது. சிறுவனுக்குப் புதுத் துப்பாக்கி கிடைக்கிறது. கோபுரம் வந்தவாறே போய்விடுகிறது. நீருக்கு மேலே எஞ்சி நிற்கும் குழாய்த் தலையின்மீது ஏறி நின்று சிறுவன் கையசைக்கிறான். சதுப்பு நிலம் எப்படி இருந்ததோ அப்படியே இருக்கிறது.

இந்தப் படத்திற்குப் பணம் கொடுத்தது நியூ ஜேர்சி ஸ்டாண்டர்ட் ஒயில் கொம்பனி. 1942 ஆம் ஆண்டில், செயற்கை றப்பர் சம்பந்தமாக ஜெர்மனியின் ஐ.ஜி. பார்பன் நிறுவனத்துடன் அக்கொம்பனி செய்திருந்த இரகசிய உடன்பாடுகள் அம்பலமாயின. யுத்த காலத்திற் பகைநாட்டின் ஏகபோகத்துடன் கைகோத்த கொம்பனி என்ற அவப்பெயர் பரவிற்று. அதைத் துடைப்பதற்கு விளம்பர நிபுணர்களின் ஆலோசனை நாடப்பட்டது. றோய் ஸ்ரைக்கர் என்னும் புகழ்பெற்ற நிழற்படத் தொகுப்பாளர் அமர்த்தப்பட்டு, எண்ணெய்த் தொழில் பற்றிய ஆயிரக்கணக்கான நிழற்படங்கள் எடுக்கப்பட்டன. பிளாஹெட்டியின் படமும் இம்முயற்சிகளுடன் சேர்ந்தே வந்தது. ஏறத்தாழ இரண்டரை இலட்சம் டொலர் செலவாயிற்று. படத்தின் உரிமை முழுவதும் பிளாஹெட்டிக்கே விடப்பட்டது; கொம்பனியின் பெயர் திரையிற் காட்டப்படவில்லை. படத்தில் வரும் கோபுரம் அக்கொம்பனியின் துணை நிறுவனமான ஹம்பிளுக்குச் சொந்தமானது.

பெயரைப் போடாத பெருந்தன்மையை அன்று பலர் மெச்சினர். நாம் அதை வேறுவிதமாக நோக்குகிறோம். விளம்பரம் என்று தெரிந்தால் மக்கள் சந்தேகிப்பர். கலை என்று தெரிந்தால் நம்புவர். கொம்பனிக்கு வேண்டியிருந்தது அந்த நம்பிக்கையே. அதை ஒரு மகா கலைஞனிடமன்றி வேறெவரிடமும் வாங்க இயலாது. பிளாஹெட்டியின் முதற் பெரும் படமாகிய ‘நனூக் ஒவ் த நோர்த்’ 1922 இல் வெளிவந்தபோது அதற்குப் பணம் கொடுத்தது ரெவியோன் பிரெயர் என்னும் உரோம வாணிபக் கொம்பனி என்பதையும் இங்கே நினைவுகூரலாம். வேட்டையாடுவோனின் வாழ்வைப் படமாக்க, அவன் வேட்டைப் பொருளை வாங்கி விற்றவனே பணம் கொடுத்தான்.

‘1948 ஆம் ஆண்டில் வாய்க்கால்களின் தீமையைக் கலைஞன் எவ்வாறு அறிந்திருக்க முடியும்?’ என்று சிலர் வினவலாம். நியாயமான வினாதான். இன்றுள்ள கணக்கு அன்று இல்லை. ஆயினும் முரண்பாடு அன்றே இருந்தது. படம் எடுக்கப்பட்ட அதே ஆண்டுகளில், சிப்பி வளர்ப்பாளர்கள் தம் சிப்பிகள் மடிவதற்கு எண்ணெய்க் கொம்பனிகளே காரணம் எனக் கூறி வழக்குத் தொடுத்திருந்தனர். கொம்பனிகளின் செலவில் நடந்த ஆய்வு, சிப்பிகளைக் கொன்றது பெரிதும் ஓர் ஒட்டுண்ணியே எனக் கண்டது. அம்முடிவு பிழையென்று நாம் கூறவில்லை. நாம் கூறுவது இவ்வளவே: அந்த நீரை நம்பி வாழ்ந்த உழைப்பாளிக்கும் அந்நீரைக் கிழித்து வந்த கொம்பனிக்கும் இடையே நீதிமன்றத்திற் போராட்டம் நடந்துகொண்டிருந்தபோது, திரையில் இருவரும் சிரித்துப் பேசிக் கைகுலுக்கினர். கோபுரம் வந்த வழி எவ்வாறு வெட்டப்பட்டது, அது போன பின் அவ்வழி என்னவாயிற்று என்பன படத்தின் அக்கறைக்கு அப்பாற்பட்டவையாயின.

பிளாஹெட்டிக்கு இத்தகைய உண்மைகளைக் காணும் கண் இல்லாதிருந்ததா? இருந்தது, அதற்கு அவருடைய சொந்தப் படமே சாட்சி. 1939 இல் அமெரிக்க விவசாயத் திணைக்களத்துக்காகத் தொடங்கி 1942 இல் முடித்த ‘த லாண்ட்’ என்ற படத்தில், மண் அரிப்புண்டு பாழான வயல்களையும், பொறிகள் வந்ததால் வேலையிழந்து தெருவுக்கு வந்த குடும்பங்களையும் அவர் நேர்நின்று காட்டினார். நிலம் அழிவதும் மனிதன் நிலமற்றுப் போவதும் ஒரே நிகழ்ச்சியின் இரு பக்கங்கள் என்பதை அப்படம் உணர்ந்திருந்தது. அதற்கு நேர்ந்த கதி என்ன? யுத்தம் தொடங்கிவிட்ட நிலையில் அது பொதுத் திரையரங்குகளுக்குச் செல்லாமல் ஒதுக்கி வைக்கப்பட்டது. நிலத்தின் துயரைக் கூறிய படம் பெட்டியிற் கிடந்தது. நிலத்துக்கு யாதொரு துயருமில்லை என்று கூறிய படம் உலகெங்கும் ஓடிற்று. கலைஞன் ஒருவனே, மாறியது பணம் கொடுத்தவனும் காலமும். ‘கலைஞனின் சுதந்திரம்’ பற்றிப் பேசுவோர் இவ்விரு படங்களையும் பக்கத்திற் பக்கத்தில் வைத்துப் பார்த்தல் நன்று.

நம் பொருளிலக்கணத்தைக் கற்றவர்க்கு இங்கே ஒரு சிந்தனை எழும். நிலமும் பொழுதும் முதற்பொருள் என்றனர் நம் முன்னோர். மரமும் புள்ளும் உணவும் தொழிலும் கருப்பொருள். மாந்தரின் ஒழுக்கம் உரிப்பொருள். இவ்வமைப்பில் நிலம் மாறாது நிற்கும். ஏனையவை அதன்மேல் அமையும். அக்காலத்து உற்பத்தி நிலையில் அக்கருத்து இயல்பானதே. பிளாஹெட்டியும் அவ்வாறே நிலத்தை என்றும் உள்ளதாகக் கொண்டு, தொழிலை அதன்மீது வந்து போகும் விருந்தாளியாகக் காட்டினார். ஆனால் நவீன முதலாளித்துவத்தில் இவ்வரிசை தலைகீழாகிவிட்டது. கருப்பொருளுள் ஒன்றான தொழில், முதற்பொருளாகிய நிலத்தையே கரைத்துவிடும் வலிமை பெற்றுவிட்டது. நிலத்தைக் கதையின் பின்னணியாக மாத்திரம் கொள்ளும் கலை, இந்த யுகத்தின் யதார்த்தத்தைக் காட்ட வல்லதன்று. நிலமும் கதையிற் பாத்திரமாக வேண்டும். அதற்கும் பிறப்பும் வளர்ச்சியும் கொலையும் உண்டு.

இரண்டாவது படம் இவ்வகையில் ஒரு படி முன்னே செல்கிறது. ‘பீஸ்ட்ஸ் ஒவ் த சதர்ன் வைல்ட்’ படத்தில் நிலம் அழிவது கண்கூடு. வெள்ளத்தடுப்பு அணைக்கு வெளியே ‘பாத்டப்’ என்னும் கற்பனைக் குடியிருப்பு. அதிலே ஆறு வயதுச் சிறுமி ஹஷ்பப்பியும் நோயாளியான அவள் தந்தையும் வாழ்கின்றனர். அணைக்கு அப்பால் ஆலைகள் தெரிகின்றன. புயல் வருகிறது, குடியிருப்பு மூழ்குகிறது, அதிகாரிகள் வந்து மக்களைப் பலவந்தமாக முகாமுக்குக் கொண்டுசெல்கின்றனர், அவர்கள் தப்பி மீள்கின்றனர். சிறுமியாக நடித்த குவென்ஸனே வாலிஸ் அவ்வட்டாரத்தின் ஹூமா நகரைச் சேர்ந்தவர். தந்தையாக நடித்த டுவைட் ஹென்றி நியூ ஓர்லியன்ஸ் நகரில் வெதுப்பகம் நடத்தியவர். இருவரது நடிப்பும் நெஞ்சைத் தொடுவது. சிறந்த படம் உட்பட நான்கு பிரிவுகளில் ஒஸ்கார் பரிசுக்கு இப்படம் பிரேரிக்கப்பட்டது.

அணை ஒரு சாராரைக் காத்து மறுசாராரைக் கைவிடுகிறது என்பதை இப்படம் கூறுகிறது. இது உண்மை, பிளாஹெட்டி கூறாத உண்மை. ஆயினும் அழிவின் காரணத்தைக் கூற வேண்டிய இடத்தில் படம் புராணத்துள் நுழைந்துவிடுகிறது. துருவத்தின் பனி உருகுகிறது. உறைந்து கிடந்த ஆதிகால விலங்குகள் எழுந்து ஓடிவருகின்றன. பிரபஞ்சத்தின் ஒழுங்கு உடைகிறது. கடல்மட்டம் உயர்வது உண்மைதான். ஆனால் பனியை உருக்கியவர் யார், சதுப்பு நிலத்தை வெட்டியவர் யார் என்ற வினா எழுமுன்னரே, விலங்கு வந்து திரையை நிறைத்துவிடுகிறது. 1948 இல் அழிவே இல்லை. 2012 இல் அழிவு உண்டு, அழித்தவன் இல்லை. காரணமற்ற துன்பம் விதியாகிவிடுகிறது. விதியின்முன் மனிதனுக்கு எஞ்சுவது வீரமாக நிற்பது ஒன்றே. வறுமையையும் குடியையும் நோயையும் சுதந்திரத்தின் அடையாளங்களாகப் படம் மெச்சுவதற்கும் இதுவே காரணம்.

இப்படத்தின் ஒரு காட்சியைச் சிறப்பாக நோக்க வேண்டும். மூழ்கிய குடியிருப்பினின்றும் நீரை வெளியேற்ற, அம்மக்கள் வெடிவைத்து அணையைத் தகர்க்கின்றனர். அந்நாட்டின் வரலாற்றில் இக்காட்சி நடந்ததுண்டு. ஆனால் வெடிவைத்தவர் வேறு. 1927 ஆம் ஆண்டின் பெருவெள்ளத்தின்போது, நியூ ஓர்லியன்ஸ் நகரின் வங்கி முதலாளிகளும் வணிகப் பிரமுகர்களும் ஒன்றுகூடி, நகரைக் காக்கக் கீழேயுள்ள அணையை உடைக்கவேண்டுமெனத் தீர்மானித்து ஆளுநரின் சம்மதத்தையும் பெற்றனர். ஏப்ரல் 29 ஆம் திகதி கேர்னாவொன் என்னுமிடத்தில் அணை தகர்க்கப்பட்டது. சென்ற் பேர்னாட், பிளாக்கமின்ஸ் என்னும் இரு பிரிவுகள் நீரில் மூழ்கின. ஏறத்தாழ பத்தாயிரம் பேர் வீடிழந்தனர். அவர்களிற் பலர் உரோம விலங்குகளைப் பொறிவைத்துப் பிடித்து வாழ்ந்த சதுப்பு நில மக்கள். மேல்நிலத்தில் வேறிடங்களில் அணைகள் தாமே உடைந்தமையால், இந்த வெடி தேவையற்றதாயிருந்தது என்பதும் பின்னர் புலனாயிற்று. நட்டஈடு தருவதாக வாக்களிக்கப்பட்டது, கிடைத்ததோ சொற்பம். ஜோன் எம். பாரி 1997 இல் வெளியிட்ட ‘றைசிங் ரைட்’ என்ற நூலில் இவ்வரலாறு விரிவாகக் கூறப்பட்டுள்ளது. செல்வர் வறியவர்மீது செய்த செயலை, வறியவர் தாமே செய்த வீரச்செயலாக மாற்றிக் காட்டுகிறது திரைப்படம். பார்வையாளரின் உள்ளம் கிளர்கிறது, வரலாறு மறைகிறது.

கற்பனைக் குடியிருப்புக்குத் தூண்டுதலாயிருந்த இடங்களுள் ஐல் டி ஜான் சாள்ஸ் என்னும் தீவு முக்கியமானது. அமெரிக்காவின் பூர்வகுடிகளை அவர்தம் நிலங்களினின்றும் துரத்துவதற்கு 1830 ஆம் ஆண்டிற் சட்டம் இயற்றப்பட்டது. அக்காலத்திற் தப்பி வந்தோரின் வழித்தோன்றல்கள் அத்தீவில் வாழ்ந்தனர். 1955 இல் 22,000 ஏக்கராயிருந்த தீவு, பின்னர் 320 ஏக்கராகச் சுருங்கிற்று. அம்மக்கள் திரைப்படத்திற் போல ஆதி விலங்குகளை எதிர்நோக்கி நிற்கவில்லை. சமூகமாக ஒன்றுசேர்ந்து வேறிடம் பெயர்வதற்கு அவர்கள் நெடுங்காலம் திட்டமிட்டனர். 2016 இல் மத்திய அரசு 4 கோடி 80 இலட்சம் டொலர் ஒதுக்கிற்று. 2022 இல் வடக்கே ஏறத்தாழ நாற்பது மைல் தொலைவிற் புதிய குடியிருப்பு எழுந்தது. திட்டம் தம் கையைவிட்டு மாநில அரசின் கைக்குப் போயிற்று என அச்சமூகத்தின் தலைவர்கள் முறையிட்டதையும் கூறவேண்டும். ஒருமுறை சட்டத்தால் நிலமிழந்தவர்கள், மறுமுறை வாய்க்காலாலும் அணையாலும் கடலாலும் இழந்தனர். கூட்டங்கூடி விவாதித்து மனுக்கள் எழுதி இருபது ஆண்டுகள் உழைத்த இந்த மக்களின் கதையில் நாடகம் இல்லையா? உண்டு; ஆனால் அதிற் பாத்திரங்களாக அரசும் கொம்பனியும் வந்தே தீரும்.

அவ்வாறு அவை வந்த இடம் திரையரங்கன்று, நீதிமன்றம். 2013 ஆம் ஆண்டில், நியூ ஓர்லியன்ஸ் பகுதியின் வெள்ளப் பாதுகாப்பு அதிகார சபையொன்று, வாய்க்கால்களால் விளைந்த அழிவுக்குப் பரிகாரம் கோரி 97 எண்ணெய், வாயுக் கொம்பனிகள்மீது வழக்குத் தொடுத்தது. முன்னே குறிப்பிட்ட பாரி அச்சபையின் உறுப்பினராயிருந்து இம்முயற்சியை முன்னின்று நடத்தினார். அவருக்கு மீண்டும் பதவி வழங்கப்படவில்லை. வழக்கை முறியடிக்க மாநிலச் சட்டசபை 2014 இல் ஒரு சட்டத்தையே நிறைவேற்றிற்று. 2015 இல் வழக்குத் தள்ளுபடியாயிற்று. 2017 இல் உச்ச நீதிமன்றம் அதை விசாரிக்க மறுத்துவிட்டது. ஆயினும் கதை அத்துடன் முடியவில்லை. பிளாக்கமின்ஸ் பிரிவு தொடுத்த வேறொரு வழக்கில், ரெக்ஸாக்கோ கொம்பனி செய்த அழிவுக்காக, அதனை வாங்கிய செவ்ரோன் கொம்பனி 74 கோடி 46 இலட்சம் டொலர் செலுத்தவேண்டுமென 2025 ஏப்ரலில் யூரிமார் தீர்ப்பளித்தனர். 1978 ஆம் ஆண்டின் மாநிலக் கரையோரச் சட்டத்தை மீறி, வேலை முடிந்த இடங்களைச் சீர்செய்யாது விட்டமை குற்றச்சாட்டுக்களுள் ஒன்று. தீர்ப்பை எதிர்த்து மேன்முறையீடு செய்யப்போவதாகக் கொம்பனி அறிவித்தது. மேலே என்னவாயினும், 1927 இல் வெடிவைத்து மூழ்கடிக்கப்பட்ட பிரிவுகளுள் ஒன்றைச் சேர்ந்த பொதுமக்கள், எழுபத்தேழு ஆண்டுகளுக்கு முன் ஒரு மகா கலைஞன் கேட்காது விட்ட வினாவைக் கேட்டு விடையும் கண்டனர்.

நதியின் வண்டலை மீண்டும் சதுப்பு நிலத்துக்குத் திருப்பும் முயற்சி என்னவாயிற்று என்பதையும் வாசகர் அறிதல் நன்று. 2010 இல் பதினொரு தொழிலாளரின் உயிரைக் குடித்த ‘டீப்வோட்டர் ஹொரைசன்’ எண்ணெய் மேடை விபத்துக்காகப் பெற்ற நட்டஈட்டுப் பணத்தைக் கொண்டு, ஏறத்தாழ 300 கோடி டொலர் செலவில், மிட் பராட்டேரியா என்னுமிடத்தில் நதியை ஒரு பக்கம் திறந்துவிடும் திட்டம் 2023 இல் ஆரம்பிக்கப்பட்டது. நன்னீர் பாய்ந்தால் சிப்பியும் இறாலும் அழியும் என மீனவர் எதிர்த்தனர், செலவும் ஏறிற்று. 2025 யூலையில் மாநில அரசு திட்டத்தைக் கைவிட்டது. இங்கே மீனவரைப் பழித்துவிட்டுப் போதல் எளிது. வாய்க்கால் வழியே உவர்நீர் ஏறியபின், அந்த உவர்நீரிலேயே பிழைப்பைத் தேடிக்கொண்டவர்கள் அவர்கள். அழிவை விளைத்தவன் இலாபத்துடன் விலகிவிட, எஞ்சியதை எவ்வாறு பங்கிடுவது என்பதில் உழைப்பாளியும் நிலமும் ஒருவருக்கொருவர் பகையாக நிறுத்தப்படுகின்றனர். நம் காலத்து மகத்தான கதையொன்றுக்கு வேண்டிய சிக்கல் இதனுள் இருக்கிறது. இதை எழுதப்போகும் கலைஞன் கேஜன் மீனவனின் அச்சத்தையும் நிலவியல் அறிஞனின் கணக்கையும் கொம்பனியின் பத்திரத்தையும் ஒருங்கே அறிந்தவனாயிருத்தல் வேண்டும்.

இதிலிருந்து நாம் பெறும் விமர்சன நெறி யாது? அழகிய படங்களை வெறுக்கவேண்டும் என்பதன்று. பிளாஹெட்டியின் ஒளிப்பதிவை மாணவர் பார்க்கத்தான் வேண்டும். அழிந்துபோன ஒரு நிலத்தின் முகம் அதில் மாத்திரமே இத்துணை உயிருடன் எஞ்சியிருக்கிறது. ஸைட்லினின் சிறுமியையும் அவர்கள் அறியவேண்டும். ஆனால் அதே பாட வேளையில், படத்துக்குப் பணம் கொடுத்தவர் யார் என்ற வினாவும், காட்டப்பட்ட நிலம் யாருக்குச் சொந்தம் என்ற வினாவும், காட்டப்பட்ட துன்பத்துக்குப் படம் கூறும் காரணம் வரலாற்றுக்கு இயைகிறதா என்ற வினாவும் எழுப்பப்படவேண்டும். இவற்றை எழுப்பும் மாணவனை ‘இரசனையற்றவன்’ என்று அடக்கும் ஆசிரியன், தான் அறியாமலே கொம்பனியின் விளம்பர இலாகாவிற் சம்பளமின்றி வேலை செய்கிறான்.

யதார்த்தம் என்பது கண்ணுக்குத் தெரிவதைப் பிசகின்றிப் பதிவுசெய்வது மாத்திரமாயின், ‘லூசியானா ஸ்டோரி’யை விஞ்சிய யதார்த்தப் படம் இல்லை. அதிலுள்ள ஒவ்வொரு மரமும் ஓடையும் உண்மை. உண்மையான மரங்களைக்கொண்டே பொய்யான முடிவொன்றைக் கூறலாம் என்பதற்கும் அதுவே சான்று. நிலத்தையும் அதில் உழைப்பவனையும் அவ்விருவரையும் விழுங்கும் சக்தியையும் அவற்றின் உறவுகளோடு காட்டுவதே யதார்த்தம். அந்தச் சதுப்பு நிலத்தின் உண்மைக் கதையை இன்னும் எவரும் திரையிற் கூறவில்லை; அதனைக் கூறும் நாள் வரையில் வாய்க்கால்கள் அகன்றுகொண்டேயிருக்கும்.